கொச்சிக் கடலுக்குப் பாதித் தேங்காய்

காவேரிப்பட்டினம்,
9-3-1958.

மருமகள் முனிலட்சுமிக்கு மாமன் சென்றாயன் எழுதுவது. இவ்விடம் நான், என் தங்கச்சியும் உன் அம்மாவுமான நாராயணம்மா, உன் அத்தை ரங்கம்மா, இரண்டு எருமை, ஒரு நொண்டிக் காளை, மண்டியில் அடுக்கிய நூறு மூட்டைப் புளி ஆகிய சகல ஜீவன்களும் மாரியம்மன் புண்ணியத்தில் சௌக்கியம். அவ்விடம் நீயும், பம்பாய் ஆஸ்பத்திரியில் உன் ஊசிக்குப் பயந்து கட்டிலுக்கு அடியில் ஒளிந்துகொண்டிருக்கும் நோயாளிகளும் சௌக்கியமாகவே இருப்பீர்கள் என்று நம்புகிறேன், இல்லையென்றால் உடனே ஒரு கார்டு போடு, நான் வந்து அந்த ஆஸ்பத்திரியையே குணப்படுத்திவிட்டு வருகிறேன்.

நீ எழுதிய கடிதம் தை மாசக் கடைசியில் வந்தது. சீமைக்குப் போய் மூன்று வருஷம் நர்ஸ் படிப்பு படிக்க உன்னைப் பொறுக்கியிருக்கிறார்கள், சித்திரை கழிந்து கப்பல், பெற்றவளும் வளர்த்தவனும் சம்மதித்துக் கைநாட்டோ கையெழுத்தோ வைத்த தாள் மார்ச் இருபதுக்குள் வந்து சேராவிட்டால் அந்த இடம் அடுத்த பெண்ணுக்குப் போய்விடும் என்றெல்லாம் நீ எழுதியதை உன் அம்மாவுக்கு நானே உரக்க வாசித்தேன். சீமை என்றபோதும் அவள் கேழ்வரகு புடைத்துக்கொண்டிருந்தாள், மூன்று வருஷம் என்றபோதும் புடைத்துக்கொண்டிருந்தாள். கப்பலில் பத்தொன்பது நாள் என்ற இடம் வந்ததும் கையிலிருந்த முறத்தைக் கீழே வைத்தாள். பத்தொம்பது நாளா, தண்ணி மேலயா, பெண்ணையாத்துல வெள்ளம் வந்தா கால் மணி நேரம் பரிசல்ல போறதுக்கே ஊர்ல இருக்கற சாமியெல்லாம் கூப்புடறவ நான், அப்படீன்னுட்டு எழுந்து எருமைக்குத் தண்ணி காட்டப் போய்விட்டாள். நாலாம் நாள் காலையில் என் முன்னால் வந்து நின்று, ஏண்ணா, என்னைக் கடலுக்குக் கூட்டிக்கினு போ, கரையில நின்னு பாக்கறதுக்கு இல்ல, மேல ஏறிப் பாக்கணும், பாத்துட்டு எம் பொண்ணு போலாமா வேணாமான்னு நானே சொல்றேன் என்றாள். வயலையும் எருமையையும் விட்டு ஊத்தங்கரையைத் தாண்டாத பொம்பளை, ஒரு சமுத்திரத்தைச் சோதனை போட்டுத் தீர்ப்புச் சொல்லக் கிளம்பிவிட்டாள்.

உன் அத்தைக்கு மெட்ராஸ் போக ஆசை. மெட்ராஸில் கடலைப் பார்த்துக்கொண்டு சுண்டல் தின்னத்தான் முடியும், கொச்சியில் படகில் ஏற்றித் துறைமுகம் முழுக்கச் சுற்றிக் காட்டி மூன்று மணி நேரத்தில் கொண்டுவந்து விடுகிறார்கள் என்று நம் புளி வாங்கும் மட்டாஞ்சேரி வியாபாரி ஏற்கெனவே எனக்குச் சொல்லியிருந்தார், அதனால் கொச்சிதான் என்று உத்தரவு போட்டேன். வீட்டையும் மண்டியையும் ரங்கம்மாவிடம் ஒப்படைத்துவிட்டு அண்ணனும் தங்கையும் சாமல்பட்டியில் ரயிலேறினோம். ரயில் வந்த நேரத்துக்கு நாங்கள் நடந்தே போயிருந்தால் கொச்சியில் ஒரு வீடு கட்டிக் குடியேறியிருக்கலாம். உன் அம்மா மடியில் ஒரு மூட்டை, அதில் கேழ்வரகுக் களி, கருவாட்டுத் தொக்கு, கற்பூரம், மஞ்சள், ஒரு முழுத் தேங்காய். எதிரில் உட்கார்ந்திருந்த நம் வெங்கடப்பன், அதுதான் மேலத் தெருவிலிருந்து பெங்களூர் பாக்டரிக்கு வேலைக்குப் போனவன், ஈரோட்டில் ஏதோ கல்யாணத்துக்கு வந்தானாம், தேங்காயைப் பார்த்துச் சிரித்தான். அவனுக்கு இப்போது சைரன் ஊதினால்தான் பசிக்கிறதாம், கையில் கடிகாரம் கட்டாவிட்டால் சோறு இறங்கவில்லையாம். சைரன் ஊதாத ஊரில் நீ பட்டினி கிடந்தே செத்துப்போவடா என்று ஆசீர்வாதம் பண்ணி இறக்கிவிட்டேன்.

மறுநாள் காலை எர்ணாகுளம். ஊர் முழுக்க மீன் வாசனை, டீயில்கூட. படகு என்று ஒன்றைக் காட்டினார்கள். நம் சந்தைக்கு மாடு ஏற்றிப் போகிற வண்டிக்கு மேலே ஒரு தகரக் கூரை போட்டு, அடியில் நெல் அரைக்கும் மெஷினைக் கட்டிவிட்டால் அதற்குக் கொச்சியில் படகு என்று பெயர். எங்கள் இரண்டு பேரைத் தவிர நாற்பது பேர் அதில். கோயம்புத்தூர் மில்காரர் குடும்பம் ஒன்று ஏழு அடுக்கு டிபன் கேரியரோடு வந்திருந்தது, மூன்று மணி நேரச் சவாரிக்கு ஏழு அடுக்கு என்றால் சீமைக்குப் போனால் இவர்கள் ஒரு சமையல்கட்டையே கப்பலில் கட்டி இழுத்துப் போவார்கள். தோளில் காமிரா தொங்கிய ஒரு வெள்ளைக்காரன், வெயிலில் வெந்து வெந்து உரித்த வெங்காயம் மாதிரி ஆகியிருந்தான். இவர்களுக்கெல்லாம் இடம் காட்ட அழுக்கு வெள்ளைச் சட்டையும் தொப்பியும் போட்ட ஒருவன், கையில் தகரக் குழல், அதில் வாயை வைத்துக்கொண்டு எல்லாரும் இங்கோட்டு நோக்கணும், எல்லாரும் அங்கோட்டு நோக்கணும் என்று கத்துவதுதான் அவன் உத்தியோகம்.

ஏறுவதற்கு முன்னால் உன் அம்மா நம் வழக்கத்தை விடவில்லை. உனக்கு மறந்திருக்காது, பெண்ணையில் வெள்ளத்தில் பரிசலேறும்போது கரையில் தேங்காய் உடைத்து ஒரு மூடியை ஆற்றுச்சாமி கங்கம்மாவுக்கு விட்டுவிட்டு, கண்ணுள்ள மூடியைக் கையில் வைத்திருப்போம், அக்கரையில் கால் வைத்த பிறகுதான் அந்த மூடியை ஆற்றில் விடுவது, அதுவரை கங்கம்மா நம்மைப் பார்த்துக்கொண்டாக வேண்டும். அதே மாதிரி படகுத்துறைக் கருங்கல்லில் தேங்காயை ஓங்கி உடைத்தாள். காவல்காரன் சர்க்கார் கல் சர்க்கார் கல் என்று ஓடிவந்தான். கல்லு சர்க்காரோடது, தேங்கா எங்களோடதுப்பா என்று சொல்லிவிட்டு அவள் ஒரு மூடியைத் தண்ணீரில் விட்டாள், மற்றதை முந்தானையில் முடிந்துகொண்டாள்.

இப்போது நீ போகப்போகிற அந்தக் கடலைப் பற்றிச் சொல்கிறேன், கேட்டுக்கொள். நான் ஒரு கை அள்ளி வாயில் விட்டுத் துப்பினேன். உப்புப் போட்டு மூன்று யுகம் மூடிவைத்த கழுநீர். இவ்வளவு தண்ணீரை வைத்துக்கொண்டு ஒரு பாத்தி கேழ்வரகு நட முடியாது, ஒரு எருமைக்குக் காட்ட முடியாது, தாகத்துக்கு ஒரு சொம்பு மொள்ள முடியாது. புதுசாய்க் கட்டியிருக்கிறார்களே நம் கிருஷ்ணகிரி அணை, அது நிரம்பி வழிகிற அன்று எழும்புகிற அலை இந்தத் துறைமுகத்தைத் தூக்கி மைசூரில் போட்டுவிடும். நம் ஆறு எவ்வளவோ பெரியவர்களைப் புரட்டியெடுத்திருக்கிறது, இந்தக் கடலுக்குச் சும்மா கிடந்து மினுமினுக்கத்தான் தெரியும். சீன வலை என்று ஒன்றைக் காட்டித் தொப்பிக்காரன் பெருமையோ பெருமை. கோபுரம் உயரத்துக்கு மூங்கில் கட்டி, நாலு பேர் தொங்கித் தொங்கிக் கயிறு இழுத்து, கூச்சல் போட்டு, வலை மேலே வந்தால் என் சுண்டுவிரல் நீளத்தில் ஏழு மீனும் ஒற்றைச் செருப்பும். நம் ராமப்பன் கோவணத் துணியை விரித்துப் பிடித்தாலே பெண்ணையில் அதைவிட அதிகம் பிடிப்பான் என்றேன். நாராயணம்மா சிரிக்கவில்லை. அவள் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இங்கே ஒரு விஷயம் சொல்ல வேண்டும், சொல்லக் கூசுகிறது, ஆனாலும் எழுதுகிறேன். படகுக்காரனை நான் முன்னாலேயே தனியாகக் கூப்பிட்டு, அழிமுகம் வரைக்கும் கொண்டுபோய் நன்றாக ஆட்டிவிடு, என் தங்கச்சி கொஞ்சம் பயந்தால் எனக்கு உபகாரம் என்று காதில் சொல்லியிருந்தேன். அழிமுகம் என்றால் துறைமுகம் முடிந்து பெருங்கடல் ஆரம்பிக்கிற வாய். நீ போக வேண்டாம் என்று சொல்ல எனக்கு வாய் வராது, நாலு மாசக் குழந்தையாய் உன்னை விட்டுவிட்டு உன் அப்பன் கங்கப்பன் காய்ச்சலில் போன நாளிலிருந்து நீ கேட்டு நான் இல்லை என்று சொன்னதில்லை. அதனால் அந்த இல்லையைக் கடல் சொல்லட்டும், உன் அம்மா வாயால் சொல்லட்டும் என்று மாமன் போட்ட மகா தந்திரம் அது. கடல் அதைக்கூட உருப்படியாகச் செய்யவில்லை. அழிமுகத்துக்குப் பக்கத்தில் போனதும் படகு தொட்டில் மாதிரி ஆடியது, நாராயணம்மா கல் மாதிரி உட்கார்ந்திருந்தாள், வயிற்றைப் புரட்டியது எனக்கு. காலையில் தின்ற களி, போன வாரம் தின்ற களி, என் பாட்டன் தின்ற களி எல்லாம் கொச்சி சமுத்திரத்துக்குப் போய்ச் சேர்ந்தது. கோயம்புத்தூர் அம்மாள் ஏனுங், எலுமிச்சம்பழம் மோந்து பாக்கறீங்களா என்று ஏழாவது அடுக்கிலிருந்து எடுத்து நீட்டினாள். என் வாழ்நாளில் எந்த மில்காரரிடமும் நான் கை நீட்டியதில்லை, அன்று நீட்டினேன்.

அப்புறம் படகு திரும்பியது, இடது பக்கம் துறைமுகத்தில் கட்டியிருந்த ஒரு பெரிய வெளிநாட்டுக் கப்பல் வந்தது. எல்லாரும் இங்கோட்டு நோக்கணும் என்றான் தொப்பிக்காரன். நாற்பது பேரும் ஒரே நேரத்தில் இடது பக்கம் ஓடினார்கள், படகு அந்தப் பக்கம் சாய்ந்தது. ஒரு நெல் அளவுதான் சாய்ந்தது என்று பிறகு சொன்னார்கள், நான் பார்த்தபோது வானம் தண்ணீருக்கு அடியில் இருந்தது. பரிசலில் ஏறினால் நிற்கக் கூடாது, ஒருவர் ஒரு பக்கம் நகர்ந்தால் இன்னொருவர் எதிர்ப்பக்கம் நகர வேண்டும், இது நமக்குப் பால்குடி மறக்கும் முன்பே உடம்பில் ஏறினது அல்லவா. நானும் உன் அம்மாவும் ஒரே பாய்ச்சலாய் வலது பக்கம் பாய்ந்து செருப்பை உதறிவிட்டுக் குந்தி உட்கார்ந்து பலகையைக் கட்டிக்கொண்டோம். நாற்பது பேருக்கு எதிர் எடை நாங்கள் இரண்டு பேர். பாதிப் பேரு இந்தப் பக்கம் வாங்கடா, கவுந்துடும்டா என்று நான் போட்ட சத்தத்தில் அந்த வெளிநாட்டுக் கப்பல்காரர்களே எட்டிப் பார்த்தார்கள். தொப்பிக்காரன் குழலிலேயே, அம்மாவா, இது இரும்பாக்கும், கவிழில்லா என்றான், அம்மாவா என்றால் அவர்கள் பாஷையில் மாமா என்று அர்த்தமாம், முன்பின் தெரியாதவனுக்கெல்லாம் நான் மாமன் ஆகிவிட்டேன். மில்காரர் மனைவி, உங்க ரெண்டு பேராலதானுங் நாங்கெல்லாம் பொழச்சோம் என்று சொல்ல, படகே சிரித்தது. வெள்ளைக்காரன் கப்பலை விட்டுவிட்டு எங்களைப் படம் பிடித்தான். சிரிக்கட்டும். நாற்பத்திரண்டு உயிரைக் காப்பாற்றிய எனக்கு அந்த ஊரில் ஒரு சிலைகூட வைக்கவில்லை, அவ்வளவு நன்றி கெட்ட ஊர்.

அவர்கள் சிரித்துக்கொண்டு கப்பலைப் பார்த்துக்கொண்டிருக்க, எங்கள் பக்கத்தில் யாருமே இல்லை, எதிரில் அழிமுகம் திறந்து கிடந்தது. அதன் வழியாக ஒரு கப்பல் வெளியே போய்க்கொண்டிருந்தது. அப்படியொன்றும் பெரிய கப்பல் இல்லை, துருப்பிடித்த கிழட்டுக் கப்பல், எந்த ஊருக்குப் போகிறது என்று சொல்லக்கூடத் தொப்பிக்காரனுக்கு அதன்மேல் மதிப்பில்லை. நாராயணம்மா அதையே பார்த்தாள். பார்த்துக்கொண்டே என் கையைச் சுரண்டி, ண்ணா, அங்க பாரு, துணி காயப்போட்டிருக்காங்க என்றாள். நானும் பார்த்தேன். பின்பக்கம் ஒரு கயிறு கட்டி, அதில் நாலு சட்டை, ஒரு கைலி, ஒரு போர்வை, காற்றில் படபடவென்று அடித்துக்கொண்டிருந்தன. ஆமா, அதுக்கென்னா என்றேன். நாளைக்கி உடுத்தறதுக்குத்தானேண்ணா காயப்போட்டிருக்கான், முழுகிப்போறவன் துணி தொவைப்பானா என்றாள். அதற்கப்புறம் அந்தக் கப்பல் கட்டைவிரல் அளவாகி, கடுகளவாகி, இல்லாமலே போகிற வரைக்கும் குந்தின இடத்திலிருந்து அவள் எழுந்திருக்கவில்லை. நானும் எழுந்திருக்கவில்லை.

கரையில் இறங்கினோம். வந்து சேந்தாச்சு, அந்த மூடியையும் வுட்டுட்டு வா, ரயிலுக்கு நேரமாச்சு என்றேன். அவள் காதில் விழாத மாதிரி நடந்தாள். சரி, ரயிலில் களிக்குத் தொட்டுக்கொள்ள வைத்திருக்கிறாள் போல என்று விட்டுவிட்டேன். ரயிலில் களியைத் தின்றோம், தேங்காய் வெளியே வரவில்லை. போலாமா வேணாமா என்று நான் நாலு ஸ்டேஷனில் நாலு தரம் கேட்டேன், ஊட்டுக்குப் போயி சொல்றேன் என்பதுதான் நாலு தரமும் பதில். கோர்ட்டு ஜட்ஜுகூட இப்படித் தீர்ப்பை மடியில் முடிந்து வைத்திருக்க மாட்டான். என் தந்திரம் பலித்துவிட்டது, வேண்டாம் என்றுதான் சொல்லப்போகிறாள், அதைச் சொல்லத்தான் தயங்குகிறாள் என்று நான் உள்ளுக்குள் சந்தோஷப்பட்டதையும் உன்னிடம் மறைக்கவில்லை.

வீட்டுக்கு வந்தவள் மூடியை இரண்டு நாள் வெயிலில் காயவைத்து, அடுப்புக்கு மேலே உறியில் தொங்கவிட்டாள். மூன்றாம் நாள் காலை உன் அத்தை தோசைக்குச் சட்னி அரைக்க அதில் கை வைத்தாள். வைத்தாளோ இல்லையோ, அங்கிருந்து ஒரு சத்தம், தொடாதே அண்ணீ என்று. முப்பது வருஷத்தில் நாராயணம்மா ரங்கம்மாவிடம் குரல் உயர்த்தி நான் கேட்டதில்லை. உன் அத்தை பயந்துபோய், ஏம்மா, கரையேறின பின்னாடி வுட வேண்டிய மூடிதானே, நீங்கதான் கரையேறி ஊட்டுக்கே வந்துட்டீங்களே என்றாள். நாங்க ஏறிட்டோம் அண்ணீ, எம் பொண்ணு ஏறணும் இல்ல என்றாள் உன் அம்மா. உன் அத்தை கருகிக்கொண்டிருந்த தோசையைத் திருப்பப் போனாள். அப்புறம் உன் அம்மா என்னைப் பார்த்துத் திரும்பி, எங்க அந்தத் தாளு, எடு என்றாள். அவள் கட்டைவிரலை மையில் தோய்த்து, நான் காட்டிய இடத்தில் அழுத்தி வைத்துவிட்டு, எருமை கறக்கப் போய்விட்டாள்.

பக்கத்தில் என் கையெழுத்துக்கு இடம் காலியாக இருந்தது. பேனாவில் மை இல்லை என்று ஒரு நாள் ஓட்டினேன். மண்டியில் ஆள் வந்திருக்கிறது என்று ஒரு நாள். இன்று காலை உன் அம்மா மைக்கூட்டையும் பேனாவையும் கொண்டுவந்து என் சாப்பாட்டு இலைக்குப் பக்கத்தில் வைத்தாள், சோறு வைக்கவில்லை. போட்டுவிட்டேன். நாற்பத்திரண்டு பேரைக் காப்பாற்றிய கை போட்டதுதான், ஆனாலும் சென்றாயனில் ஒரு சுழி கோணலாக இருக்கும், தபாலில் நசுங்கியது என்று ஆஸ்பத்திரிக்காரர்களிடம் சொல்லிவிடு. தாளை இந்தக் கடிதத்தோடு வைத்து ரிஜிஸ்தர் பண்ணி அனுப்புகிறேன், வந்து சேர்ந்ததும் தந்தி கொடு.

இனி வேறு விசேஷம், நொண்டிக் காளையை விற்கலாம் என்று உன் அத்தை சொல்கிறாள், நான் விற்க மாட்டேன், எனக்கு இந்த வீட்டில் மரியாதையாக நடந்துகொள்கிற ஒரே ஜீவன் அது. மாமரம் இந்த வருஷம் நன்றாகப் பூத்திருக்கிறது, நீ தின்னாத மாங்காயைப் பார்க்கவே எனக்கு எரிச்சல். சீமையில் குளிர் என்கிறார்கள், காதுவரை இழுத்து மூடிக்கொள். அங்கே சாப்பாடு உப்புச் சப்பில்லாமல் இருக்குமாம், இரண்டு வீசைப் புளி கொட்டை எடுத்துப் பக்குவம் பண்ணி அனுப்புகிறேன், பொட்டியில் நடுவில் வை, கப்பல்காரன் மோப்பம் பிடித்தால் அவனுக்கும் கொஞ்சம் கொடு. ஏடனில் இறங்கினால் ஒரு கார்டு, சூயஸில் ஒரு கார்டு, சீமையில் கால் வைத்தால் ஒரு கார்டு. வெள்ளைக்காரர்களைக் கண்டு மலைக்காதே, நான் ஒருவனைக் கிட்டத்தில் பார்த்தேன், தோல் உரிகிறது, அவ்வளவுதான். மாரியம்மனும் சென்றாயப் பெருமாளும் உனக்கு முன்னாலும் பின்னாலும் துணை வரட்டும், தீர்க்காயுசாக இரு, பெரிய படிப்பாகப் படி.

உன் அம்மா சொல்லச் சொன்னது ஒன்றே ஒன்றுதான், மறக்காதே: கப்பலில் தினமும் துணி துவைத்து, வெளியில் தெரிகிற மாதிரி காயப்போட வேண்டுமாம்.

நான் சொல்வதும் ஒன்று. அந்தக் கடலை நான் ஒரு காசுக்கு மதிக்கவில்லை, இன்னும் ஆயிரம் வருஷம் ஆனாலும் மதிக்க மாட்டேன். ஆனால் கண்ணுள்ள மூடி இன்னும் எங்கள் உறியில்தான் தொங்குகிறது. அந்த மூடி கடலுக்கு வேண்டுமென்றால் உன்னை முழுசாகக் கொண்டுவந்து இறக்கிவிட்டு, அப்புறம் வாங்கிக்கொள்ளட்டும்.

இப்படிக்கு,
பெண்ணையாற்றுக்கு இந்தக் கரை முழுவதற்கும் அதிபதியும்,
கொச்சித் துறைமுகத்தை ஒரே குந்தலில் நிமிர்த்தியவனுமாகிய
உன் மாமன்,
சென்றாயன்.